படகுக்காரனுக்கு விலாசம் உண்டு

அந்த ஞாயிற்றுக்கிழமை காலை முன்னறையில் இருந்தவர்கள்: அக்கா, பிரம்பு நாற்காலியில், வலது காலை எதிரே இருந்த முக்காலியில் நீட்டியபடி. மச்சான், அதாவது அக்காவின் கணவர், லாரிப் பட்டறையில் காலமெல்லாம் ஸ்பானர் பிடித்து ஓய்வு பெற்றவர், ஜன்னலோரம் நின்றபடி. அவர்களுடைய மகள், ஆஸ்பத்திரியில் நர்ஸ், தரையில் சம்மணமிட்டு அம்மாவின் காலுக்குக் கட்டுப் பிரித்தபடி. பதிப்பாளர், இருப்பதிலேயே நல்ல நாற்காலியில், யாரும் உட்காரச் சொல்வதற்கு முன்பே. தம்பியின் மனைவி, சமையலறை நிலைப்படியில் சாய்ந்து. கடைசியாகத் தம்பி, நாவலாசிரியன், எல்லாவற்றுக்கும் மூலகாரணம், செருப்பு கழற்றும் இடத்தைவிட்டு ஓரடிகூட உள்ளே நகராமல்.

ஆள் கணக்கில் சேராத ஒன்றும் அங்கே இருந்தது. மூலையில் கவிழ்த்து வைத்திருந்த நீல பிளாஸ்டிக் டப். எல்லோரும் அதைப் பார்க்காமல் இருப்பதற்குப் பெரும்பாடு பட்டார்கள்.

தம்பிக்கு வயது ஐம்பது தாண்டிவிட்டது. தலையில் பாதி நரை, மீதி வழுக்கை. ஆனால் அக்கா கூப்பிட்ட பெயர் அப்படியே ஒட்டிக்கொண்டது. தெருவில் தம்பி, மளிகைக் கடையில் தம்பி, அவன் வேலை பார்க்கும் குடிநீர் பரிசோதனைக் கூடத்தில் தம்பி சார். பகலில் பாட்டில் பாட்டிலாகத் தண்ணீரைச் சோதித்து, குளோரின் எவ்வளவு, கிருமி உண்டா என்று எழுதிக் கையெழுத்துப் போடுவான். சாயங்காலம் நாவல் எழுதுவான். இரண்டும் ஒரே வேலைதான் என்று அவனுக்கு ஒரு நினைப்பு. காரணம் விளங்காத எதையும் அவன் நம்பியதும் இல்லை, எழுதியதும் இல்லை.

முதல் மூன்று நாவல்களும் பதிப்பாளரின் கிடங்கில் கரையானுக்குப் போயின. நான்காவது ஓடியது. வினை அங்கேதான் ஆரம்பம்.

எல்லோருக்கும் தெரிந்த பழைய கதைதான் அது. செய்யுளில் உண்டு, நாடகத்தில் உண்டு, பள்ளிக்கூடப் பாடத்தில்கூடப் பாதி உண்டு. ஒருத்தியின் மகனை ஆறு கொண்டுபோய்விடுகிறது. அவள் ஆற்றில் இறங்கிக் கழுத்தளவு தண்ணீரில் நிற்கிறாள். உடம்பில் பாசி படர்கிறது, மீன் கடிக்கிறது, அவள் அசையவில்லை. கடைசியில் ஆற்றின் கடவுள் மனமிரங்கி மகனை அலைமேல் தூக்கிவந்து அவள் கையில் கொடுக்கிறார். கேட்பவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து வேலையைப் பார்க்கப் போவார்கள். எத்தனையோ தலைமுறையாக எத்தனையோ தாய்மார்கள் அந்தக் கதையைக் கேட்டிருக்கிறார்கள். பிள்ளையைப் பறிகொடுத்தவர்களும் கேட்டிருக்கிறார்கள். ஒருத்தியும் போய்த் தண்ணீரில் நின்றதில்லை.

தம்பி அந்தக் கதையிலிருந்து கடவுளை எடுத்தான்.

அவனுடைய நாவலில் மகன் மூழ்கவில்லை. கவிழ்ந்த ஓடத்தைக் கட்டிப்பிடித்தபடி வெகுதூரம் மிதந்துபோய், கீழே ஏதோ ஒரு துறையில் மீன்பிடிக்காரர்களிடம் ஒதுங்குகிறான். கேட்காமல் ஓடத்தை அவிழ்த்தவன் அவன்தான். கூட வந்த நண்பன் செத்துப்போனான். நண்பனின் அம்மா முகத்தில் எப்படி விழிப்பது என்று பயந்து, வேறு பெயர் சொல்லிக்கொண்டு அங்கேயே இருந்துவிடுகிறான். இங்கே தாய் தண்ணீரில் நிற்கிறாள். ஏன் நிற்கிறாய் என்று ஒரு படகுக்காரன் கேட்கிறான். அவன் அடுத்த துறையில் சொல்கிறான். அந்தத் துறைக்காரன் அதற்கடுத்த துறையில். பேச்சு ஆற்றோடு இறங்கி ஒருநாள் மகன் காதில் விழுகிறது. அவன் வருகிறான்.

"முடிவை நான் தொடவே இல்லை. காரணத்தை மட்டும் மாத்தினேன்" என்று வெளியீட்டு விழாவில் தம்பி சொன்னான். கைதட்டினார்கள். முன்வரிசையில் உட்கார்ந்து அக்காவும் கைதட்டினாள்.

அக்காவுக்கும் ஒரு மகன் இருந்தான். கல்லூரியில் படிக்கும்போது சிநேகிதர்களோடு அணை பார்க்கப் போனான். கரையில் கட்டியிருந்த படகை யாரையும் கேட்காமல் அவிழ்த்தார்கள். நடு நீர்த்தேக்கத்தில் அது கவிழ்ந்தது. இரண்டு பேர் நீந்தி வந்தார்கள். ஒருவன் பிணமாகக் கிடைத்தான். அக்காவின் மகன் உயிரோடும் கிடைக்கவில்லை, பிணமாகவும் கிடைக்கவில்லை. முக்குளிப்பவர்கள் இறங்கித் தேடினார்கள், வலை போட்டார்கள், பிறகு வீட்டுக்குப் போகச் சொன்னார்கள். அதெல்லாம் நடந்து பத்து வருஷத்துக்கு மேலாகிவிட்டது. மச்சான் அதற்குப் பிறகு வாரம் தவறாமல் ஆற்றுக் கடவுளைக் கும்பிடப் போனார். அக்கா போகவில்லை, ஆனால் அவர் போவதைத் தடுக்கவும் இல்லை. அழுகை ஒரு கட்டத்தில் நின்றது. சமையல் நடந்தது. மகளுக்குக் கல்யாணம் நடந்தது. காய்ந்த புண்மேல் பொருக்கு கட்டுவதுபோல் ஏதோ ஒன்று கட்டியிருந்தது.

தம்பி எழுதும்போது கையருகே கிடந்ததை எடுத்துக்கொண்டான். அவிழ்த்த படகு, செத்த சிநேகிதன். எழுதுகிறவர்கள் எல்லோரும் செய்வதுதான். அக்கா படித்தால் மனசு கஷ்டப்படுமோ என்று மட்டும் கொஞ்சம் யோசித்தான். கஷ்டப்படுவாள் என்றுதான் நினைத்தானே தவிர, நம்புவாள் என்று நினைக்கவில்லை.

அக்கா நாவலை மூன்று தடவை படித்தாள். நான்காவது வாரம் பாத்திரக் கடையில் ஒரு டப் வாங்கிக்கொண்டு பஸ் நிலையத்துக்குப் போனாள். நுழைவாயிலில், நேர அட்டவணைப் பலகைக்குக் கீழே அதை வைத்து, குழாயிலிருந்து தண்ணீர் பிடித்து ஊற்றி, புடவையைக் கணுக்காலுக்கு மேலே தூக்கிச் செருகிக்கொண்டு அதில் ஏறி நின்றாள். காலையிலிருந்து விளக்குப் போடும்வரை.

இரண்டாம் நாள் மச்சான் போன் பண்ணித் தம்பி ஓடிப்போய்ப் பார்த்தபோது அவளைச் சுற்றி ஒரு சின்னக் கூட்டம். பக்கத்தில் பழக்கடை போட்டிருந்தவர் அவளுக்கு ஒரு குடை கட்டிக் கொடுத்திருந்தார். அவருக்கு வியாபாரம் நன்றாக இருந்தது.

"எதுக்கும்மா தண்ணியில நிக்கறே?" என்று ஒரு கண்டக்டர் கேட்டார்.

"என் பையன் வரணும். வந்தாத்தான் இறங்குவேன்" என்று சொல்லி, இடுப்பில் செருகியிருந்த போட்டோவை எடுத்துக் காட்டினாள். கேட்டவர்களுக்கு மட்டும்தான் காட்டினாள். கேட்காதவர்கள் பக்கம் திரும்பவே இல்லை.

தம்பி கூட்டத்தை விலக்கிக்கொண்டு போய், "அக்கா, என்ன இது?" என்றான்.

"வாடா. நீ எழுதினதுதான். அழுதுக்கிட்டு நின்னா ஊர் ஒதுங்கிப் போகும். புரியாத காரியம் பண்ணினா நின்னு கேக்கும்னு எழுதியிருந்தியே. சரியா இருக்கு. நேத்து மட்டும் எத்தனை பேர் கேட்டாங்க தெரியுமா?"

"அது ஆறு. இது பஸ் ஸ்டாண்ட்."

"இப்ப யாருடா ஆத்துப் பக்கம் வர்றான்? படகுக்காரன்லாம் இங்கதான் இருக்கான்" என்று வரிசையாக நின்ற வெளியூர்ப் பஸ்களைக் கையால் காட்டினாள். தன் நாவலை இவ்வளவு சரியாகப் புரிந்துகொண்ட ஒரு வாசகியைத் தம்பி அதுவரை பார்த்ததில்லை.

அக்காவுக்குச் சர்க்கரை வியாதி. காலில் மரத்துப்போன தன்மை ஏற்கெனவே இருந்தது. நாள் முழுக்கத் தண்ணீரில் ஊறிய விரலிடுக்கில் புண் வந்தது அவளுக்கே தெரியவில்லை. மகள் ஒருநாள் கொலுசைக் கழற்றும்போது நாற்றத்தை வைத்துத்தான் கண்டுபிடித்தாள். டாக்டர் பார்த்துவிட்டு, கால் ஈரமே படக்கூடாது என்றார். இன்னும் கொஞ்ச நாள் இப்படியே போனால் முதலில் விரலை எடுக்க வேண்டும், பிறகு பாதத்தை, பிறகு முழங்காலுக்குக் கீழே என்று தன் காலிலேயே கோடு போட்டுக் காட்டினார். அக்கா பொறுமையாகக் கேட்டுக்கொண்டாள். மறுநாள் காலை டப்போடு கிளம்பினாள்.

அதனால்தான் இந்த ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம்.

மகள் கட்டை முழுவதும் பிரித்துவிட்டாள். சுண்டுவிரலும் அதற்கடுத்த விரலும் நாவல்பழ நிறத்தில் இருந்தன. பதிப்பாளர் பார்க்காமல் கூரையை அண்ணாந்தார்.

"எல்லாரும் நல்லாப் பாத்துக்குங்க. மாமா, நீங்க கிட்ட வந்து பாருங்க. உங்க கதை எங்க வரைக்கும் வந்திருக்குன்னு தெரியணும்ல" என்றாள் மகள்.

"அவனை ஏண்டி திட்டறே?" என்றாள் அக்கா. "அவன் நல்லதுதான் பண்ணியிருக்கான்."

மச்சான் தொண்டையைக் கனைத்தார். அவர்தான் பதிப்பாளரையும் வரவழைத்தவர். புத்தகம் போட்டவரே வந்து சொன்னால் எடுபடும் என்பது அவர் கணக்கு. "நீங்க சொல்லுங்க சார்."

பதிப்பாளர் நாற்காலியில் முன்னுக்கு நகர்ந்தார். "அம்மா, நான் உங்களுக்கு ஒண்ணு தெளிவாச் சொல்லிடறேன். இது முழுக்க முழுக்கக் கற்பனை. முதல் பக்கத்திலேயே போட்டிருக்கோம். இதில் வரும் யாவும் கற்பனையேன்னு."

"பாத்தேன். அது கேஸ் போடாம இருக்கறதுக்குப் போடறதுன்னு விழாவில நீங்களே சொன்னீங்களே. எல்லாரும் சிரிச்சாங்க."

"அது ஒரு பேச்சுக்குச் சொன்னது."

"இது மட்டும்?"

பதிப்பாளர் தம்பியைப் பார்த்தார். தம்பி சுவரைப் பார்த்தான். அக்கா தண்ணீரில் நிற்பதை யாரோ படமெடுத்துப் போட்டு, அது பரவி, கடந்த மாதம் புத்தகம் மறுபதிப்புக்குப் போயிருந்தது. அந்தப் படத்தையே போட்டு அட்டையை மாற்றலாமா என்று பதிப்பாளர் கேட்டதைத் தம்பி இந்த வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை.

"நீங்க காபி குடிங்க சார்" என்றாள் தம்பியின் மனைவி. சாட்சி விசாரணை முடிந்தது என்பதுபோல் ஒரு டம்ளரை அவர் கையில் வைத்தாள்.

மச்சான் தானே இறங்கினார். "இதோ பாரு. படத்தைப் பாத்துட்டு மூணு பேர் போன் பண்ணினாங்க. மூணு எடத்துக்கும் நான் போனேன். துறைமுகத்துல ஐஸ் பாக்டரியில இருக்கான்னு சொன்னான் ஒருத்தன். போய்ப் பாத்தா அந்த ஆளுக்கு என் வயசு. என்னைப் பாத்துப் பாவப்பட்டு டீ வாங்கிக் குடுத்தான். இன்னொரு ஊர்ல காட்டின ஆளு ஊமை. மூணாவது ஊர்ல எறங்கிப் போன் பண்ணினா நம்பர் போகவே இல்ல. இதுக்கு மேல என்ன வேணும் உனக்கு?"

"முதல்ல ரெண்டு மூணு தப்பாத்தான் வரும்" என்றாள் அக்கா.

"யார் சொன்னது?"

"தம்பிதான். அந்தப் படகுக்காரங்க முதல்ல வேற பசங்களைக் கூட்டிட்டு வர்றாங்கல்ல? ஒருத்தன் சோத்துக்காக மகன்னு சொல்லிக்கிட்டு வர்றான். அவ ஒவ்வொருத்தனையும் பாத்துட்டு, திரும்பப் போய் நிக்கறா."

தம்பிக்கு அந்த அத்தியாயம் ஞாபகம் வந்தது. அதை எழுதிய அன்று அவனுக்குத் தன்மேலேயே பெருமையாக இருந்தது. பரிசோதனைக் கூடத்தில் நல்ல தண்ணீரிலும் சில சமயம் கிருமி இருப்பதாகக் காட்டிவிடும். முதல் சோதனையை வைத்து முடிவு சொல்ல முடியாது. உண்மையிலேயே செய்தி பரவினால் பொய்ச் செய்தியும் சேர்ந்துதான் பரவும் என்று யோசித்து, கதை நம்பும்படி இருக்க வேண்டுமென்று அதைச் சேர்த்தான். ஓட்டை எங்கெல்லாம் இருக்கும் என்று தேடித் தேடி அடைத்திருந்தான். இப்போது உள்ளே மாட்டிக்கொண்டிருப்பவளை வெளியே இழுக்க ஒரு ஓட்டைகூட இல்லை.

"சரி" என்று முதல் தடவையாக அறைக்குள் காலெடுத்து வைத்தான். முக்காலிக்கு அருகே தரையில் உட்கார்ந்தான். "அக்கா, நான் சொல்றதைக் கேளு. என் கதையில ஆறு. ஓடற தண்ணி. ஓடத்தைப் பிடிச்சுக்கிட்டா எங்கயாவது கொண்டு விடும். நம்ம பையன் விழுந்தது அணைத் தண்ணி. மதகு அன்னிக்கு மூடியிருந்தது. அங்கிருந்து எங்கயும் போக முடியாது."

"போக முடியாதுன்னா அங்கதானே இருக்கணும்? ஏன் கிடைக்கல?"

"அடியில சேறு. ஆள் ஆழத்துக்குச் சேறு இருக்கு."

"அணை வத்தின வருஷம் தரை வெடிச்சுக் கிடந்துச்சே. மாடெல்லாம் நடந்து போச்சு. அப்பவும் எதுவும் கிடைக்கலையே."

"வெடிச்சது மேல்தரைதான். அதுக்குக் கீழ..."

"கீழ பாத்தியா?"

"இல்ல."

"அப்ப கரையேறிப் போயிருக்கலாம்."

"கரையேறியிருந்தா வீட்டுக்கு வந்திருப்பான்."

அக்கா சிரித்தாள். கேலியாக இல்லை, சின்ன வயதில் அவன் கணக்கில் விடையை விட்டுவிட்டு வரும்போது சிரிப்பாளே, அப்படி. "இத்தனை வருஷமா எனக்கும் அதுதாண்டா இடிச்சுது. இருந்தா வந்திருப்பானே, ஏன் வரல, அப்ப இல்லன்னுதானே அர்த்தம்னு மனசைக் கட்டிப் போட்டேன். நீ எழுதினதைப் படிச்சப்புறம்தான் புரிஞ்சுது. படகை அவிழ்த்தவன் அவன். செத்துப்போன அந்தப் பையனோட அம்மா நம்ம தெருவுக்கு ரெண்டு தெரு தள்ளி இருக்கா. எந்த மூஞ்சியை வச்சுக்கிட்டு வருவான்? கோழைப் பய. சின்னதுல கண்ணாடியை உடைச்சுட்டு ராத்திரி வரைக்கும் மாடியில ஒளிஞ்சுக்கிட்டு இருந்தான், ஞாபகம் இருக்கா?"

தம்பிக்கு ஞாபகம் இருந்தது. அதையும் நாவலில் சேர்த்திருந்தான்.

"கற்பனை பண்ணினேன் அக்கா. நான் உக்காந்து யோசிச்சு, இப்படி இருந்தா எப்படி இருக்கும்னு..."

"யோசிச்சாத்தானே தெரியும். நான் யோசிக்கல. நீ யோசிச்சே. இப்படி இருக்க முடியாதுன்னு இப்பச் சொல்லு, இறங்கிடறேன்."

அறையில் எல்லோரும் அவனைப் பார்த்தார்கள். இருக்க முடியாது என்று சொல்ல வேண்டும். இரண்டே வார்த்தை. அவன் வாயைத் திறந்தான். நடக்க முடியாத ஒரு விஷயம்கூட இருக்கக்கூடாது என்று இரண்டு வருஷம் வரிவரியாகச் சோதித்து எழுதிய நாவல் அது.

"நடக்கறது ரொம்ப ரொம்பக் கஷ்டம்" என்றான்.

"கஷ்டம்தான். அதான் நிக்கறேன்" என்றாள் அக்கா.

மச்சான் ஜன்னலைவிட்டு வந்தார். அவர் குரலை உயர்த்துகிற ஆள் இல்லை. லாரிக்கு அடியில் படுத்துக்கொண்டு பேசிப் பேசி, எப்போதும் யாரோ பக்கத்தில் இருப்பவனிடம் பேசுவதுபோலத்தான் பேசுவார்.

"மாப்ள, நான் படிக்காதவன். எனக்கு அந்தப் பழைய கதை போதும்யா. கடவுள் குடுப்பாரு, இல்ல குடுக்க மாட்டாரு. அந்தக் கதையில வர்றவளுக்குக் குடுத்தாரு. எனக்குக் குடுக்கல. நான் போய்ச் சண்டை போட முடியுமா? தலையைக் குனிஞ்சு கும்பிட்டுட்டு வந்துடுவேன். வந்து சோறு திம்பேன். தூங்குவேன். நீ கடவுளை எடுத்துட்டுப் படகுக்காரனை வச்சே. கடவுளுக்கு விலாசம் இல்ல மாப்ள. படகுக்காரனுக்கு விலாசம் உண்டு. பஸ் உண்டு, போன் நம்பர் உண்டு. தேடிப் போகலாம்னு ஆயிடுச்சு. தேடலைன்னா தப்புன்னும் ஆயிடுச்சு. நான் மூணு ஊருக்குப் போனேன்ல, அந்த ஐஸ் பாக்டரி வாசல்ல நிக்கறப்ப எனக்கும் மனசு அடிச்சுக்கிச்சு. எனக்கே. இவளை என்ன சொல்றது?"

மகள் பஞ்சை மருந்தில் நனைத்து விரலிடுக்கில் வைத்தாள். அக்காவின் முகத்தில் சலனமே இல்லை. வலி தெரிகிற கட்டத்தைக் கால் தாண்டிவிட்டது.

"அண்ணி" என்றாள் தம்பியின் மனைவி. "நான் ஒண்ணு சொல்லட்டா? நீங்க நம்பறது பையன் வருவான்னு இல்ல. இவர் சொன்னா சரியா இருக்கும்னு நம்பறீங்க. சின்னதுலேருந்தே அப்படித்தான். இவர் வீட்டுக்குப் பால் வாங்கிட்டு வரச் சொன்னாத் தயிர் வாங்கிட்டு வர்ற மனுஷன். நான் கூட இருந்து பாக்கறேன். நம்பாதீங்க."

அக்காகூடச் சிரித்துவிட்டாள். பதிப்பாளர் கொஞ்சம் சத்தமாகவே சிரித்து, பிறகு காபியில் மூக்கை நுழைத்துக்கொண்டார். அந்த ஒரு நிமிஷம் அது ஒரு சாதாரண ஞாயிற்றுக்கிழமைபோல இருந்தது.

மச்சான் மட்டும் சிரிக்கவில்லை. "மாப்ள, சுத்தி வளைக்காதே. செத்துட்டான்னு சொல்லு. நான் சொல்லிட்டேன், இவ சொல்லிட்டா, டாக்டரும் சொல்லிட்டாரு. நீ சொன்னாத்தான் அவ கேப்பா. சொல்லு."

பரிசோதனைக் கூடத்தில் தம்பி ஒருநாளும் 'இல்லை' என்று எழுதியதில்லை. 'காணப்படவில்லை' என்றுதான் எழுதுவான். தேடிய வழியில், தேடிய அளவில், காணப்படவில்லை. புதிதாகச் சேருகிறவர்களுக்கு முதலில் சொல்லிக் கொடுக்கும் பாடமே அதுதான். அவனிடம் நேர்மை என்று ஏதாவது இருந்தால் அந்த ஒரு சொல்லில்தான் இருந்தது. அக்காவின் விரல்களைப் பார்த்தான். கறுப்பு பாதத்தின் விளிம்புவரை கோடாக ஏறியிருந்தது.

"செத்துட்டான், அக்கா" என்றான்.

சொல்லிவிட்டால் ஏதாவது நடக்கும் என்று எதிர்பார்த்தான். அழுவாள், அடிப்பாள், எழுந்து உள்ளே போவாள். அக்கா நாற்காலியில் சாய்ந்து அவனை நிதானமாகப் பார்த்தாள்.

"அன்னிக்கே செத்துட்டானா?"

"ஆமா."

"உனக்கு அப்பவே தெரியுமா?"

"தெரியும்."

"அப்ப ஏண்டா அப்படியே எழுதல?"

தம்பி தயங்கினான். "பழைய கதையில பையன் வர்றான். அதனால..."

"பழைய கதையில கடவுளும்தான் வர்றாரு. அவரையே தூக்கி வெளியில வச்சுட்டே. அவரை எடுக்க முடிஞ்ச உனக்கு, பையன் வர்றதை எடுக்க முடியலையா? அவ நின்னா, நின்னா, அங்கேயே செத்துப்போனா, அவ்வளவுதான்னு எழுதியிருந்தா அதுக்குக் காரணம்கூடத் தேட வேண்டாமே. ரொம்பச் சுலபமா முடிஞ்சிருக்குமே."

தம்பி மூலையில் இருந்த டப்பைப் பார்த்தான்.

"உன்னால எழுத முடியல" என்றாள் அக்கா. குரலில் குற்றச்சாட்டு இல்லை. தலையைத் தடவிக் கொடுப்பதுபோல் இருந்தது. "ஏன்னா உனக்கும் உள்ளுக்குள்ள அது இருக்கு. வருவான்னு. வாய்தான் இல்லங்குது. நீ எழுதினதை நான் நம்பறேன்டா. இப்ப இவங்க எல்லாரும் சேர்ந்து உன்னைச் சொல்ல வைக்கறதை நம்ப மாட்டேன்."

தம்பி தனக்குள் தேடிப் பார்த்தான். உண்மையிலேயே தேடினான். கடைசி அத்தியாயம் எழுதிய சாயங்காலம், மகன் கரையில் நடந்து வரும் இடம் வந்தபோது, கை தானாக ஓடியது ஞாபகம் இருந்தது. அந்தப் பையனுக்கு யாருடைய நடையைக் கொடுத்தான் என்பதும் ஞாபகம் இருந்தது. அது நம்பிக்கையா, பழக்கமா, வெறும் கதைசொல்கிற ருசியா என்று அவனுக்குத் தெரியவில்லை. சோதித்துப் பார்க்க வழியும் இல்லை. காணப்படவில்லை என்றுகூட எழுத முடியாத ஒன்று.

"நான் அப்படி ஒண்ணும் நம்பல" என்றான். அவன் காதுக்கே அது எடுபடவில்லை.

"சரி விடு. நாளைக்கு ஆபீஸ் போற வழியில பஸ் ஸ்டாண்ட் பக்கம் வா. அந்தக் குழாய்த் தண்ணி நாத்தமா இருக்கு. உங்க ஆபீஸ்ல சொல்லி என்னன்னு பாரு" என்றாள் அக்கா.

அதோடு முடிந்தது. இன்னும் கொஞ்ச நேரம் பேசினார்கள்; பேச்சு செக்குமாடுபோல் அதே வட்டத்தில் சுற்றியது. மகள் புதுக் கட்டைச் சுற்றி முடித்து, கத்தரிக்கோலைப் பெட்டிக்குள் போட்டு, எழுந்து அப்பாவைப் பார்த்தாள். அப்பா தலையசைத்தார். இரண்டு பேரும் ஏற்கெனவே பேசி வைத்திருந்தார்கள் என்பது அந்தத் தலையசைப்பில் தெரிந்தது.

"நான் ஒரு மாசம் லீவு போட்டிருக்கேன்" என்றாள் மகள். "அம்மா வெளிய போக மாட்டாங்க. புண் ஆற வரைக்கும். கதவு பூட்டியே இருக்கும். சாவி அப்பாகிட்ட."

அக்காவுக்குப் புரிய ஒரு கணம் பிடித்தது. பிறகு அவள் கணவரைப் பார்க்கவில்லை, மகளைப் பார்க்கவில்லை. தம்பியைப் பார்த்தாள்.

"இது உன் புத்தகத்துல இல்லையேடா. அவளை யாரும் பிடிச்சுப் பூட்டி வைக்கலையே."

"இல்ல" என்றான் தம்பி. "நான் யோசிக்கல."

"அவன் வந்து பஸ் ஸ்டாண்ட்ல தேடினா?"

"பழக்கடைக்காரர்கிட்ட வீட்டு விலாசம் குடுத்து வைக்கறேன், அக்கா."

"விலாசம் அவனுக்குத் தெரியாதா? தெரிஞ்சும் வராதவன்டா. நான் நிக்கறதைக் கேட்டாத்தான் வருவான். நான் இறங்கிட்டேன்னு கேட்டா எப்படி வருவான்?" அவள் குரல் முதல் தடவையாக உடைந்தது. "தம்பி, நீ சொல்லு இவங்ககிட்ட. உனக்குத்தானே தெரியும். நின்னாத்தான் கதை நடக்கும்னு உனக்குத்தானே தெரியும்."

அவன் எழுந்தான். காலை இழந்தால் நிற்கவே முடியாது என்று சொல்லலாம். அதற்கும் அவளிடம் பதில் இருக்கும். உட்கார்ந்து நனைப்பேன் என்பாள். பூட்ட வேண்டாம் என்று மச்சானிடம் சொல்லலாம். சொன்னால் நாளை காலை டப் கிளம்பும், அடுத்த மாதம் கால் போகும். கடவுள் பார்த்துக்கொள்வார் என்று சொல்லலாம். அதைச் சொல்ல இந்த வீட்டில் தகுதி இல்லாத ஒரே ஆள் அவன்தான்.

"கால் ஆறட்டும், அக்கா" என்றான்.

அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவன் பிறந்ததிலிருந்து அவள் அவனிடமிருந்து முகத்தைத் திருப்பியது அதுதான் முதல் தடவை என்று அவனுக்குத் தோன்றியது. அப்படி இருக்க முடியாது, சின்ன வயதில் எத்தனையோ சண்டை போட்டிருப்பார்கள், ஆனால் ஒன்றும் ஞாபகத்துக்கு வரவில்லை.

பதிப்பாளர் ஒரு கும்பிடு போட்டுவிட்டு முதலில் இறங்கினார். தம்பியின் மனைவி அக்காவின் தோளைத் தொட்டுவிட்டு அவர் பின்னால் போனாள். தம்பி செருப்பை மாட்டினான். வலது கால் இடதில் நுழைந்தது. கழற்றி மறுபடி மாட்டினான். மச்சான் வாசல்வரை வந்தார்.

"தப்பா நினைக்காதே மாப்ள."

"இல்ல மச்சான்."

"கொஞ்ச நாளைக்கு வராதே. உன்னைப் பாத்தா அவளுக்கு அந்த நினைப்புதான் வரும்."

அவன் தலையாட்டினான். உள்ளே அக்கா மகளிடம் தண்ணீர் கேட்கும் சத்தம் வந்தது. குடிக்கவா, வேறு எதற்காவதா என்று மகள் கேட்டாள். பதில் கேட்பதற்குள் தம்பி படியில் இறங்கிவிட்டான். அவன் பின்னால் கதவு சாத்திக்கொண்டது. உள்பக்கம் தாழ்ப்பாள் விழுந்தது, சாவி இரண்டு முறை திரும்பியது.